அமாவாசையன்று போடாத ஊசி

"அக்கா, இப்ப வந்திருக்கிற மருந்தை ஒரே தள்ளாத் தள்ளிடுறோம். உங்க காலத்து மாதிரி ஒரு மணி நேரம் பம்ப் பக்கத்துல காவல் நிக்க வேண்டியதில்ல" என்று போன மாதம் நித்யா போனில் பீற்றிக்கொண்டாள். நான் வேலை பார்த்த அவசர சிகிச்சைப் பிரிவில் இப்போது அவள்தான் ஸ்டாஃப் நர்ஸ். நான் பணி ஓய்வு மாலையை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து முழுசாக ஒரு வருடம் ஆகவில்லை. அதற்குள் அது 'என் காலம்' ஆகிவிட்டது. இருக்கட்டும்.

"ஒரே தள்ளுல போறதைப் பாதியில நிறுத்த முடியாது, தெரியும்ல?" என்றேன்.

"அதுக்குத்தான் கூப்பிட்டேன். பக்கவாதத்துக்கு அந்த ஊசியை எப்பப் போடணும்னு புதுப் பிள்ளைங்களுக்கு க்ளாஸ் எடுத்தாச்சு. எப்பப் போடக்கூடாதுங்கிறது மட்டும் மண்டையில ஏற மாட்டேங்குது. நீங்க ஏதாவது எழுதிக் குடுங்க."

க்ளாஸ் எடுக்கிற ஆள் நானில்லை. அதையெல்லாம் டாக்டர்கள் பார்த்துக்கொள்வார்கள். எனக்கு வாய் இருக்கிறது, ஞாபகம் இருக்கிறது. அந்த இரண்டையும் வைத்து எழுதுகிறேன். ஆட்களின் பெயர்களை மட்டும் மாற்றியிருக்கிறேன்.

என் ஊர் கீரமங்கலம். பூக்கட்டத் தெரியாத பெண் எங்கள் தெருவில் நான் ஒருத்திதான், அதனாலேயே நர்ஸிங் படிக்க அனுப்பிவிட்டார்கள் என்று என் தங்கச்சி இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பாள். படிப்பு முடிந்து, ஊர் ஊராக ஆரம்ப சுகாதார நிலையங்களில் பிரசவம் பார்த்து, கடைசியில் புதுக்கோட்டை டவுனுக்கு வந்து சேர்ந்தேன். அந்த நாளில் பக்கவாதம் என்று யாராவது வந்தால் நாங்கள் செய்ததெல்லாம் படுக்கையில் போடுவது, புண் வராமல் திருப்பிப் படுக்க வைப்பது, சொந்தக்காரர்களுக்குத் தைரியம் சொல்வது. அவ்வளவுதான். அதற்குப் பிறகு, மூளை ரத்தக் குழாயை அடைத்த ரத்தக் கட்டியைக் கரைக்கிற ஊசி வந்தது. கை கால் விழுந்து வந்த ஒரு டீக்கடைக்காரர் மறுநாள் தானே டம்ளரைப் பிடித்து டீ குடித்ததை என் கண்ணால் பார்த்தேன். அன்றைக்கு நான் அழுதேன், ஒளிக்க ஒன்றுமில்லை.

ஊசி நல்ல ஊசிதான். ஆனால் எங்கள் ஜனங்களுக்கு எதையும் பாதி கேட்டாலே போதும். கை கால் விழுந்து நாலரை மணி நேரத்துக்குள் வந்தால் ஊசி போடலாம் என்று ஊர் ஊராகக் கூட்டம் போட்டுச் சொன்னோம். பஸ் ஸ்டாண்டில், ரேஷன் கடையில் எல்லாம் ஒட்டி வைத்தோம். ஜனங்கள் அந்த நாலரையை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்கள். அதன் பிறகு எங்கள் வாசலுக்கு வந்த ஒவ்வொருவருக்கும் வியாதி நாலரை மணி நேரத்துக்குள்தான் வந்தது! எப்போது ஆரம்பித்தது என்று கேட்டால், "இப்பதாங்க" என்பார்கள். எங்கள் பக்கத்து 'இப்பதான்' இருக்கிறதே, அது முந்தாநாள் வரைக்கும் போகும்.

இன்னொரு கூத்தும் உண்டு. கந்தர்வக்கோட்டைப் பக்கம் முந்திரிக்காடு வைத்திருந்த ஒரு பெரியவரை மகன் தூக்கிக்கொண்டு வந்தான். ஒரு கை தொங்குகிறது, பேச்சு குழறுகிறது. "ஊசியப் போடுங்க சிஸ்டர், ஊசியப் போடுங்க" என்று மகன் என் பின்னாலேயே ஓடி வந்தான். எங்கள் வழக்கப்படி முதலில் விரலில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்துச் சர்க்கரை பார்த்தேன். பாதாளத்தில் கிடந்தது. காலையில் சர்க்கரை மாத்திரையைப் போட்டுக்கொண்டு மனுஷன் சாப்பிடாமல் காட்டுக்குப் போயிருக்கிறார். குளுக்கோஸ் ஏற்றி முடிப்பதற்குள் எழுந்து உட்கார்ந்து, "என்னைய எதுக்குடா இங்க தூக்கியாந்தே?" என்று மகனை அதட்டினார். மகன் கண்ணில் தண்ணீர். "சிஸ்டர், ரொம்ப சக்தியான ஊசி. எங்க அம்மாவுக்கும் ஒண்ணு போட்டுவிடுங்க" என்றான். "அது வெறும் சர்க்கரைத் தண்ணிப்பா, போய் அப்பாவுக்கு நாலு இட்லி வாங்கிட்டு வா" என்று துரத்தினேன். பக்கவாதம் மாதிரியே வேஷம் போட்டு வருவதெல்லாம் பக்கவாதம் இல்லை.

இப்போது மங்கையர்க்கரசி மேடத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் பிரிவின் தலைமை டாக்டர். குள்ளமான உருவம், கணீரென்ற குரல். நாக்கு என்னுடையதை விட நீளம். அவசரம் என்று நாங்கள் எல்லோரும் பறக்கும்போது அவர் மட்டும் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நடப்பார். நோயாளியின் வீட்டு ஆட்களைக் கூட்டமாக நிற்க வைத்து எதையும் கேட்க மாட்டார். கூட இருந்து பார்த்தது யார் என்று விசாரித்து, அந்த ஒருவரை மட்டும் தோளில் கை வைத்து ஓரமாகக் கூட்டிப் போய், ஸ்டூலில் உட்கார வைத்து, தானும் எதிரில் உட்கார்ந்துகொள்வார். தலையில அடிபட்டுச்சா? சமீபத்துல ஆபரேஷன் ஏதும் ஆச்சா? மலம் கறுப்பாப் போச்சா? இருதயத்துக்காக ரத்தம் உறையாம இருக்க மாத்திரை போடுறாரா? வலிப்பு வந்துச்சா? இப்படி ஒன்றொன்றாகக் கேட்பார். இதில் எதற்கு ஆமாம் வந்தாலும், அந்த ஊசி உடம்புக்குள் வேறு எங்காவது ரத்தத்தை ஓட விட்டுவிடலாம். அதனால் அங்கே நின்று யோசிப்பார். ரத்த அழுத்தம் எக்கச்சக்கமாக இருந்தால் அது இறங்கும்வரை மருந்தைத் தொட விட மாட்டார்.

எத்தனை மணிக்கு வந்தது என்று மட்டும் கேட்கவே மாட்டார். அதற்குப் பதிலாக, "கடைசியா அவர் ஒழுங்காப் பேசின பேச்சு என்ன?" என்பார்.

முதலில் எனக்கு இது புரியவில்லை. ஒருநாள் கேட்டேவிட்டேன். "மணியை யார் வேணா மாத்திச் சொல்லலாம் சிஸ்டர். புருஷன் கடைசியாப் பேசின பேச்சை மாத்திச் சொல்ல எந்தப் பொண்டாட்டிக்கும் மனசு வராது. பேச்சைப் பிடிச்சுக்கிட்டா, அது எந்த நேரத்துப் பேச்சுன்னு நாம கண்டுபிடிச்சுக்கலாம்" என்றார்.

இன்னொரு கண்டிப்பும் உண்டு. எல்லாக் கேள்விக்கும் பதில் வரும்வரை மருந்துப் பொடியைக் கலக்க விட மாட்டார். குப்பி ட்ரேயில் இருக்கலாம், நோயாளியின் எடையைப் பார்த்து அளவைக் கணக்குப் போட்டு வைக்கலாம், கையில் இரண்டு ஊசிக் குழாய் போட்டு வைக்கலாம். கலக்க மட்டும் கூடாது. "கலந்துட்டா, போட்டுத்தான் ஆகணும்னு கை அரிக்கும்" என்பார். உண்மைதான். எனக்கு அரிக்கும்.

அன்றைக்கு அமாவாசை. என் மாமனார் மாமியாருக்காக நான் விரதம் இருப்பேன். மதியச் சாப்பாட்டுக்கு உட்காரவே மூன்று மணி ஆகிவிட்டது. டிபன் பாக்ஸைத் திறந்தபோது அந்தப் பக்கமாக வந்த மேடம் எட்டிப் பார்த்து, "இன்னைக்கும் வாழைக்காயா சிஸ்டர்? மேல இருக்கிறவங்களுக்கு அலுக்கவே அலுக்காதா?" என்று கேலி செய்தார். பதில் சொல்ல வாயைத் திறக்கிறேன், வாசலில் ஆம்புலன்ஸ் சத்தம்.

ஜெகதாப்பட்டினத்தில் இருந்து வந்திருந்தார்கள். நோயாளி முனியசாமி, ஐஸ் கம்பெனியில் ஐஸ் பாளம் உடைக்கிற வேலை. தேக்குக் கட்டை மாதிரி உடம்பு. வலது கையும் காலும் துணியாகக் கிடந்தன, வாய் கோணியிருந்தது, பேச்சு சுத்தமாக இல்லை. கண் மட்டும் மனைவி இருக்கிற பக்கத்தைத் தேடித் தேடி அலைந்தது. மனைவி பாண்டியம்மாள். கூட அவளுடைய தம்பி.

"மத்தியானம் சாப்புட்டு எந்திரிச்சாருங்க, கை கழுவுறப்பச் சாஞ்சுட்டாரு. ஒடனே தூக்கியாந்துட்டோம்" என்று தம்பி மூச்சு விடாமல் சொன்னான். ஆம்புலன்ஸ்காரரிடமும் அதையேதான் சொல்லியிருந்தார்கள்.

நாங்கள் பறந்தோம். சர்க்கரை சரியாக இருந்தது. அழுத்தமும் அளவோடு இருந்தது. மண்டையை ஸ்கேன் எடுத்துக்கொண்டு வந்தாயிற்று, ரத்தக் கசிவு இல்லை. ஃப்ரிட்ஜிலிருந்து குப்பியை எடுத்து ட்ரேயில் வைத்தேன். சிறுநீர்க் குழாயை முன்கூட்டியே போட்டோம். ஊசி போட்ட பிறகு எங்கே கீறல் பட்டாலும் ரத்தம் நிற்காது. இவர் எழுந்துவிடுவார், அந்த டீக்கடைக்காரர் மாதிரி எழுந்துவிடுவார் என்று என் மனசு முன்னாலேயே ஓடிப் போயிற்று.

மேடம் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டே நின்றார். வழக்கத்தை விட அதிக நேரம். பிறகு என் பக்கம் சாய்ந்து, "இது ரெண்டு மணி நேரத்து மூளை மாதிரி தெரியலையே சிஸ்டர். இடது பக்கம் ரொம்ப மங்கிக் கிடக்கே" என்று முணுமுணுத்தார். படத்தைக் கீழே வைத்துவிட்டு பாண்டியம்மாளின் தோளில் கை வைத்தார்.

"இங்கிட்டு வாம்மா. கடைசியா ஒங்கிட்ட அவர் என்ன பேசினாரு?"

பாண்டியம்மாள் யோசிக்கவே இல்லை. "கொழம்புல உப்பு பத்தலைன்னாருங்க. நல்லாத்தான் பேசினாரு."

"என்ன கொழம்பு?"

"நெத்திலிக் கொழம்புங்க. அவருக்கு நெத்திலின்னா உசுரு" என்று சொல்லும்போதே அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

மேடம் திரும்பாமலே, அதே குரலில், "சிஸ்டர், இன்னைக்கு உங்க டிபன்ல ஏன் வாழைக்காய்?" என்றார்.

"அமாவாசை மேடம்" என்றேன்.

பாண்டியம்மாளின் அழுகை டக்கென்று நின்றுபோயிற்று. அவள் முகத்தைப் பார்த்தேன், பாவமாக இருந்தது.

"ஒங்க வீட்டுல அமாவாசைக்கு மீன் ஆக்குவீங்களாம்மா?" மேடம் அதட்டவில்லை. கையைக் கூட அவள் தோளிலிருந்து எடுக்கவில்லை.

"இல்லீங்க. மாமனார் செத்ததுலேருந்து அமாவாசைக்குக் கவுச்சியே தொட மாட்டோம்." குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. "அது நேத்து ராத்திரிங்க."

பிறகு எல்லாம் கொட்டிவிட்டாள். ராத்திரி குழம்பைக் குறை சொல்லிச் சாப்பிட்டுவிட்டுப் படுத்த மனுஷன், விடிந்தபோது எழுப்பினால் எழுந்திருக்கவில்லை. வாயும் கையும் ஒரு மாதிரி இருக்க, பக்கத்து ஊரில் எண்ணெய் தேய்த்துவிடுகிறவரிடம் தூக்கிக்கொண்டு போயிருக்கிறார்கள். அங்கே பாதி நாள் போயிற்று. அப்புறம்தான் தம்பிக்கு நாலரை மணி ஞாபகம் வந்திருக்கிறது. "காலையிலன்னு சொன்னா ஊசி போடாம அனுப்பிருவாய்ங்கக்கா, மத்தியானம்னு சொல்லு" என்று வழியெல்லாம் சொல்லிக் கொடுத்திருக்கிறான். ராத்திரி எந்த நேரத்தில் அந்தக் குழாய் அடைத்தது என்று அவர்களுக்கும் தெரியாது, எங்களுக்கும் தெரியாது.

மேடம் எழுந்தார். "சிஸ்டர், குப்பியை எடுத்து உள்ள வைங்க."

வைத்தேன். கலக்காமல் இருந்ததால் வைக்க முடிந்தது.

அவ்வளவுதான். பாண்டியம்மாள் மேடத்தின் காலைப் பிடித்துக்கொண்டாள். "நான் பொய் சொன்னதுக்காகப் போட மாட்டேங்கிறீங்களா டாக்டரம்மா? என்னைய செருப்பால அடிங்க, அவருக்கு ஊசியப் போட்டுருங்க! நான் வாயத் தொறந்து உண்மையச் சொன்னதாலதானே அவருக்கு இல்லாமப் போச்சு?" என்று கதறினாள். அவள் மனசில் அது அப்படித்தான் பதிந்துவிட்டது. உண்மையைச் சொல்லித் தன் புருஷனைத் தானே சாகடித்துவிட்டோம் என்று நினைத்தாள்.

தம்பி போனைத் தூக்கிப் பிடித்து வீடியோ எடுக்க ஆரம்பித்தான். "மருந்த வச்சுக்கிட்டே போட மாட்டேங்கிறாங்க. எங்க மச்சானுக்கு ஒண்ணு ஆச்சுன்னா இவங்கதான் பொறுப்பு, எல்லாரும் பாத்துக்கங்க" என்றான். எனக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறிவிட்டது. "போனை உள்ள வைங்க தம்பி. அங்க ஒங்க மச்சான் மூச்சுக்குத் திணறுறாரு, வந்து தோளைப் பிடிங்க, ஒருக்களிச்சுப் படுக்க வைக்கணும்" என்று கத்தினேன். என்ன நினைத்தானோ, வந்து பிடித்தான்.

மேடம் தரையிலேயே பாண்டியம்மாளுக்கு எதிரில் குந்தி உட்கார்ந்தார். "நீ பொய் சொன்னதுக்குத் தண்டனைன்னு நெனைக்காத. மக்கிப் போன வலையில மீன் கூட்டம் பாஞ்சா என்னாகும்?"

"கிழிஞ்சிரும்."

"ராத்திரி முழுக்க ரத்தம் போகாம மூளையில அந்தப் பக்கம் மக்கிப் போச்சும்மா. இப்ப ஊசி போட்டு அடைப்பைக் கரைச்சா, ரத்தம் அங்க பாஞ்சு கிழிச்சிரும். அப்புறம் என்னால அவரைத் திருப்பிக் குடுக்க முடியாது. ஊசி போடாட்டியும் செய்ய வேண்டியது நெறைய இருக்கு. நான் செய்வேன்."

பாண்டியம்மாள் தலையை ஆட்டினாள். நம்பினாள் என்று சொல்ல மாட்டேன்.

மேடம் படத்தை வெளியூரில் இருக்கிற ஒரு மூளை நரம்பு நிபுணருக்கு அனுப்பினார். ரத்தக் குழாய் வழியாகக் கம்பி விட்டுக் கட்டியை எடுக்க வழி உண்டா என்று கேட்டார். பாதிப்பு பெரிதாகிவிட்டது, அதுவும் வேண்டாம் என்று பதில் வந்தது. அதற்கு மேல் எங்கள் பழைய வேலைதான். தலையை உயர்த்தி வைத்தோம். ஒரு ஸ்பூன் தண்ணீர் கொடுத்து விழுங்குகிறாரா என்று பார்த்தோம். புரை ஏறியது, அதனால் மூக்கு வழியாகக் குழாய் போட்டுச் சாப்பாடு. அடைப்புக்கு ஆஸ்பிரின். காய்ச்சல், அழுத்தம், சர்க்கரை மூன்றையும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தோம். அன்றிரவு நான் வீட்டுக்குப் போன பிறகும் பாண்டியம்மாள் கேட்டது என் காதில் இருந்து போகவில்லை. ஒருவேளை போட்டிருக்கலாமோ, உடம்பு திடமான மனுஷன், தாங்கியிருப்பாரோ என்று எனக்கே ஆட்டம் கண்டுவிட்டது.

மறுநாள் முனியசாமிக்குத் தூக்கக் கலக்கம் கூடியது. உடனே இரண்டாவது ஸ்கேன் எடுத்தார்கள். மேடம் படத்தைப் பார்த்துவிட்டு என்னைக் கை காட்டிக் கூப்பிட்டார். நேற்று மங்கலாகத் தெரிந்த இடத்தின் நடுவில் வெள்ளையாகச் சின்னத் திட்டு. ஊசி கீசி எதுவும் போடாமலே, தானாகவே ரத்தம் கசிந்திருந்தது.

"ஊசி போட்டிருந்தா?" என்றேன்.

"இந்தத் திட்டு இந்த அளவோட நின்னிருக்காது சிஸ்டர். நேத்தே இவரை மூட்டை கட்டியிருப்போம்" என்றார். நான் அங்கேயே சுவரோரமாக உட்கார்ந்துவிட்டேன். அப்பாடா! எத்தனையோ வருட வேலையில் ஒரு காரியத்தைச் செய்யாமல் விட்டதற்காக அப்படிச் சந்தோஷப்பட்டது அன்றைக்குத்தான். மேடம் ஆஸ்பிரினை நிறுத்தச் சொல்லிவிட்டு, இரண்டு படங்களையும் எடுத்துக்கொண்டு நேராகப் பாண்டியம்மாளிடம் போனார். பக்கத்தில் பக்கத்தில் பிடித்துக் காட்டினார். அவள் அந்த வெள்ளைத் திட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். தம்பி போனை எடுத்து, நேற்று எடுத்ததை என் கண் முன்னாலேயே அழித்தான். நான் அவனுக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்தேன்.

அதற்கப்புறம் சில நாட்கள் கயிற்றில் நடப்பது போல இருந்தது. வீக்கம் மெல்ல வடிந்தது. ஒருநாள் புரை ஏறாமல் ஒரு ஸ்பூன் கஞ்சி இறங்கியது. வார்டே கொண்டாடியது. காலில் முதலில் உயிர் வந்தது, கையில் அவ்வளவாக இல்லை. பேச்சு வரவில்லை. ஆனால் சொல்வதெல்லாம் புரிந்தது. பாண்டியம்மாள் ஐஸ் கம்பெனிச் சேதியெல்லாம் சொல்லச் சொல்ல, அவர் கண் சிரித்தது. தோள் மூட்டு விலகாமல் எப்படிப் பிடிக்க வேண்டும், கையை எப்படி நீட்டி மடக்க வேண்டும் என்று அவளுக்கும் தம்பிக்கும் கற்றுக்கொடுத்து வீட்டுக்கு அனுப்பினோம்.

சில மாதங்கள் கழித்து, ரிவ்யூவுக்காக முனியசாமி நடந்தே வந்தார். காலை இழுத்து இழுத்து, ஒரு கம்பை ஊன்றி, ஆனால் நடந்து வந்தார். வலது கை இன்னும் உடம்போடு ஒட்டித்தான் கிடந்தது. மேடம் பார்த்துவிட்டு, "அடேங்கப்பா, மாப்பிள்ளை மாதிரி வாராரே" என்றார். பேச்சு எப்படி என்று கேட்டோம். ஒன்றிரண்டு வார்த்தை வருகிறது, அதுவும் நினைத்தபோது வருவதில்லை என்றாள் பாண்டியம்மாள்.

மேடம் அடுத்த நோயாளியைப் பார்க்கப் போனதும் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"சிஸ்டர், ஒண்ணு கேக்கட்டா? இவர்கிட்ட எல்லாத்தையும் சொல்லிப்புட்டேன். நான் பொய் சொன்னது, அப்புறம் மாட்டிக்கிட்டது எல்லாம். ஆனா எனக்குத் தூக்கமே வரல. அன்னைக்கு நான் மத்தியானம்னே சாதிச்சிருந்தா என்ன ஆயிருக்கும்?"

எனக்குப் பதில் தெரியும். அதைச் சொல்ல நான் வாயெடுப்பதற்குள் முனியசாமி கம்பைத் தரையில் தட்டினார்.

முனியசாமியின் வாய் ஒரு பக்கமாக இழுத்தது. கழுத்து நரம்பு புடைத்தது. கம்பை இறுகப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு எழுத்தாகத் தள்ளினார்.

"போ... போயி... ருப்பேன்டி."

சொல்லிவிட்டு, கோணல் வாயோடு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். எனக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது, அடக்கவே முடியவில்லை. பாண்டியம்மாள் ஓவென்று அழுதாள், அழுதுகொண்டே, "வாயப் பாரு, வந்ததும் வராததுமா என்ன பேச்சு பேசுது பாரு!" என்று அவர் தோளில் பளாரென்று ஒன்று வைத்தாள். நல்ல தோளாகப் பார்த்துத்தான் வைத்தாள்.